நிழல் போட்டவரே நிழலைத் துடைத்தார்

நண்பர்களே, விஸ்காம் படிக்கிற பிள்ளைகள் நிறையப் பேர் வந்திருக்கிறீர்கள். சற்றுமுன் டீ குடிக்கும்போது உங்களில் ஒருவர் கேட்டார்: "சீரியலுக்கு லைட்டிங் செய்வதெல்லாம் ஒரு வேலையா சார்? எல்லா மூலையிலும் வெளிச்சத்தைக் கொட்டினால் ஆயிற்று." அவருக்காகவே இன்று ஒளிப்பதிவாளர் கார்ல் ஃபிராய்ண்டைப் பற்றிப் பேசுகிறேன்.

1890இல் பொஹீமியாவில் பிறந்தவர். பெர்லினில், மௌனப்படக் காலத்தில் பேர் வாங்கியவர். நல்ல கனத்த உடம்பு. 1924இல் முர்னாவ் இயக்கிய ‘கடைசி மனிதன்’ படத்தில் போதையில் ஒருவருக்குத் தலை சுற்றும் காட்சி. கேமராவை நெஞ்சில் கட்டிக்கொண்டார். அது முன்னால் இழுக்காமலிருக்க பேட்டரியை முதுகில் கட்டிக்கொண்டார். அப்படியே குடிகாரரைப் போலத் தள்ளாடினார். நடந்துகொண்டே குலுங்காமல் படம்பிடிக்க உதவும் ஸ்டெடிகேம் வருவதற்கு ஐம்பது வருடம் முன்பு! அப்புறம் ‘மெட்ரோபொலிஸ்’. அமெரிக்கா போய் 1931இல் ‘டிராகுலா’. இருட்டும் நிழலும்தான் அவருடைய கைச்சரக்கு. ‘தி குட் எர்த்’ படத்துக்கு ஆஸ்கரும் வாங்கினார்.

அறுபது வயதைத் தாண்டி, 1951இல், தொலைக்காட்சிக்குப் போகிறார். தொடர், ‘ஐ லவ் லூசி’. அப்போது பெரிய நிகழ்ச்சிகள் நியூயார்க்கிலிருந்து நேரலையாகப் போகும். அமெரிக்காவின் மேற்குக் கரைக்காரர்களுக்கு, டிவி திரையைப் படம்பிடித்த மங்கல் பிரதிதான் கிடைக்கும். தொடரின் நாயகி லூசில் பாலும் அவர் கணவர் டெசி அர்னாஸும் மேற்கே இருக்கும் ஹாலிவுட்டை விட்டு நகர மாட்டோம் என்றார்கள். அங்கிருந்து கிழக்கே மங்கல் பிரதி போகக் கூடாது, அதனால் ஃபிலிமிலேயே எடுப்பது என்று முடிவாயிற்று. எதிரே ஜனங்கள் உட்கார்ந்து சிரிக்க, மூன்று கேமராக்கள் ஒரே நேரத்தில் ஓட வேண்டும்.

இங்கேதான் சிக்கல். சினிமாவில் வைடு ஷாட்டுக்கு ஒரு லைட்டிங், குளோசப்புக்கு வேறு. சிரித்துக்கொண்டிருக்கும் கூட்டத்திடம் போய், ‘கொஞ்சம் பொறுங்கள், விளக்கை மாற்றிவிட்டு வருகிறோம்’ என்று சொல்ல முடியுமா? தரையில் ஸ்டாண்டு வைத்தால் கேமரா நகர வழியில்லை. ஃபிராய்ண்ட் விளக்குகளை மேலே தொங்கவிட்டார். அப்படிச் செய்தால் கண்ணுக்குக் கீழே கருப்பு விழும். அதைப் போக்க கேமராவிலேயே சின்ன விளக்கு. அன்றைய டிவியில் கருப்பு வெள்ளை வித்தியாசம் கூடித் தெரியும். அதனால் செட்டுக்குச் சாம்பல் வண்ணத்தையே பல சாயல்களில் அடிக்கச் சொன்னார்.

இதை இறக்கம் என்று சொல்பவர்கள் உண்டு. நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். டிராகுலாவுக்கு நிழல் போட்ட கை அது. எந்த நிழல் எங்கிருந்து வரும் என்று தெரிந்ததால்தான் துடைக்க முடிந்தது.

சரி, யாராவது அந்த விளக்கை அணையுங்கள். முதலில் 1924இன் தள்ளாட்டத்தைப் போடுகிறேன். அதற்கடுத்து லூசியின் சமையலறை. சிரிப்பு வந்தாலும் பரவாயில்லை, சுவரில் நிழல் விழுகிறதா என்று மட்டும் பாருங்கள்.