நந்தி மேய்ந்த பயிர்

நடுவர் ஐயா அவர்களே, எதிரணியில் அமர்ந்திருக்கும் அண்ணன்மார்களே, அக்காமார்களே, பந்தலுக்கு வெளியே வண்டியில் சாய்ந்துகொண்டே கேட்கிற மாமன்மார்களே, எல்லோருக்கும் வணக்கம்.

“குளக்கரை ஊரின் வரலாற்றைச் சொல்வது கோயில் கல்லா, குளத்துக் கரையா?” என்பது தலைப்பு. கரைக்காகப் பேச வந்திருக்கிறேன். எனக்கு முன் பேசிய அண்ணன் திருப்பூருக்குப் பக்கத்தில் இருக்கும் நம் சர்க்கார் பெரியபாளையத்துச் சுக்ரீசுவரர் கோயிலை எடுத்துவைத்தார். குரக்குத்தளி என்று சுந்தரர் தேவாரத்தில் வரும் தலம், தொல்லியல் துறை காத்துவரும் கற்றளி, அதாவது கல்லால் கட்டிய கோயில், கல்வெட்டு உண்டு. பக்கத்து நஞ்சராயன் குளத்துக்கு என்ன உண்டு, ஒரு பத்திரமாவது காட்ட முடியுமா என்று கேட்டார். கைதட்டல் வாங்கினார். நானும் தட்டினேன்.

ஆனால் கோயிலுக்குப் போன அண்ணன் நந்தியைச் சரியாகப் பார்க்காமல் வந்துவிட்டார். அந்த நந்தியைப் பற்றி ஊரில் ஒரு கதை சொல்வார்கள். ராத்திரியில் ஒரு மாடு வந்து பயிரை மேய்ந்துவிட்டுப் போகிறது. காவல் இருந்த விவசாயி கோபத்தில் அதன் காதை அறுத்துவிடுகிறார். விடிந்து பார்த்தால் கோயிலில் இருக்கும் கல் நந்திக்குக் காது இல்லை! கதையை நம்புவதும் நம்பாததும் உங்கள் விருப்பம். நான் கேட்பது ஒன்றுதான்: நந்தி மேய்ந்தது எதை? பயிரை. மலைக்கு இந்தப் பக்கம் மழை மறைவில் கிடக்கும் நம் சீமையில், கரை கட்டித் தண்ணீரை நிறுத்தாமல் அந்தப் பயிர் எப்படி வந்தது? சாமியின் வாகனமே பசிக்குக் கோயிலை விட்டு வயலுக்குத்தான் வந்திருக்கிறது, நடுவர் ஐயா.

கோயில் பழையது என்றார் அண்ணன். நம் நொய்யல் ஆறு அதைவிடப் பழையது. சென்னிமலைக்குப் பக்கத்தில், நொய்யலின் வடகரையில் கொடுமணல் இருக்கிறது. 1985 முதல் அங்கே அகழாய்வு நடந்திருக்கிறது. மணி செய்த இடம் கிடைத்தது, இரும்பு உருக்கிய உலை கிடைத்தது, பானை ஓட்டில் தமிழ் எழுத்தில் ஆட்களின் பெயர்கள் கிடைத்தன. சங்க நூலான பதிற்றுப்பத்து சொல்லும் கொடுமணம் இதுதான் என்கிறார்கள் அறிஞர்கள். அந்த மக்கள் கற்றளியைப் பார்த்துக் குடியேறவில்லை. ஆற்றங்கரையைப் பார்த்துக் குடியேறினார்கள்.

இனி, குளத்துக்குப் பெயர் தந்த அரசர் நஞ்சராயனுக்கு வருகிறேன். இந்தக் குளத்தை அவர் வெட்டினார் என்று வழக்கில் சொல்வதில்லை. பல நூற்றாண்டுகளுக்கு முன் அவர் செப்பனிட்டார் என்றுதான் சொல்கிறார்கள். அப்படியானால் அவருக்கு முன்பே குளம் இருந்தது, உடைந்தோ தூர்ந்தோ கிடந்தது, ஒரு மனிதர் வந்து கரையை உயர்த்தினார், ஊர் அவர் பெயரையே வைத்துவிட்டது. முதலில் வெட்டியவரை விட்டுவிட்டுப் பழுதுபார்த்தவரை நினைவில் வைத்திருக்கிற ஊர் இது! குளத்தோடு வாழ்கிறவர்களுக்குத் தெரியும், வெட்டுவது ஒரு தடவை வேலை, காப்பது வருடா வருடம் வேலை என்று.

அந்த வேலை எப்படிப்பட்டது என்று கொஞ்சம் பாருங்கள். பழைய குளங்களில் உபரி நீர் வழிந்தோடும் கலிங்கில் முழங்கால் உயரத்துக்கு வரிசையாகக் கற்கள் நட்டிருப்பார்கள். புதிதாகப் பார்ப்பவர் அழகுக்கு நட்டது என்று நினைப்பார். பெருமழையில் உபரி நீர் அந்தக் கற்களுக்கு இடையே வழிந்து போய்விடும். மழை ஓயும் தறுவாயில் அதே இடைவெளிகளைப் புல்லும் மண்ணும் வைத்து அடைப்பார்கள். இன்னும் ஒரு முழம் தண்ணீர் நிற்கும். ஒரு நாள் முந்தி அடைத்தால் கரை உடையும், ஒரு நாள் பிந்தினால் கடைமடை காயும். வானத்தைப் பார்த்து அந்த நாளைச் சொன்னவரின் பெயர் எந்தக் கல்லில் இருக்கிறது? கோடையில் வண்டலை வெட்டி வண்டியில் ஏற்றி வயலில் கொட்டினார்களே, ஒரே வேலையில் குளமும் ஆழமாயிற்று, வயலும் உரமேறியது. அதையும் எந்தக் கல்லும் பொறித்து வைக்கவில்லை.

அண்ணன் இன்னொன்றும் சொன்னார்: கல் பொய் சொல்லாது. சொல்லாது, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் கல் பேசுவது பெரும்பாலும் கொடுத்தவரின் புண்ணியத்தை. “எங்கள் காலத்தில் ஆற்றைக் கெடுத்தோம்” என்று கல்வெட்டு வெட்டிய மகராசன் யாராவது உண்டா? தண்ணீர் அதையும் சொல்லிவிடும். 1992இல் நொய்யலின் குறுக்கே ஒரத்துப்பாளையம் அணை பாசனத்துக்காகத் திறக்கப்பட்டது. திருப்பூரின் சாயக்கழிவு அதில் வந்து நின்றது. தண்ணீரைத் திறந்துவிடுங்கள் என்று கேட்க வேண்டிய விவசாயிகளே, தயவுசெய்து திறக்காதீர்கள் என்று கேட்டார்கள். 2011இல் சென்னை உயர் நீதிமன்றம் சாய ஆலைகளை மூடச் சொல்லும் வரை போனது கதை. பனியன் நமக்குச் சோறு போட்டது, மறுக்கவில்லை. அந்தச் சோற்றின் விலை எந்தக் கோபுரத்திலும் இல்லை, ஆற்றில் இருந்தது.

இன்று நஞ்சராயன் குளத்தைச் சுற்றி வயலைவிட வீடும் கம்பெனியும்தான் கண்ணில் படுகின்றன. ஆனால் குளம் தன் கணக்கை மூடவில்லை. இமயத்தைத் தாண்டி வரித்தலை வாத்துகள் வந்து இறங்குகின்றன. 191 வகைப் பறவைகளைப் பதிவு செய்திருக்கிறார்கள். 2022இல் பறவைகள் சரணாலயம் ஆயிற்று, 2024 ஆகஸ்டில் உலக முக்கியத்துவம் வாய்ந்த ஈரநிலங்களின் ராம்சர் பட்டியலில் சேர்ந்தது. பத்திரம் கேட்டீர்களே அண்ணா, இதோ சர்வதேசப் பத்திரம்!

மணி அடித்துவிட்டார்கள், முடித்துவிடுகிறேன். அடுத்துப் பேச வரும் எதிரணி அக்காவுக்கு ஒரு வேலை கொடுத்துவிட்டு அமர்கிறேன். பழைய தானக் கல்வெட்டுகளில் நிலத்துக்கு எல்லை சொல்வார்கள்: கிழக்கே இந்த வாய்க்கால், மேற்கே இந்தக் குளத்துக் கரை என்று. அப்படி ஒன்றை எடுத்து, அதிலிருந்து வாய்க்காலையும் கரையையும் நீக்கிவிட்டு, சாமிக்குக் கொடுத்த நிலம் எது என்று இந்தச் சபைக்குக் காட்டட்டும். நன்றி, வணக்கம்.