பூட்டும் பிரிவும்

நடுவர் அவர்களே, எதிரணி நண்பர்களே, அவையோரே, வணக்கம்.

தற்காப்புக் கலை கற்றவருக்குச் சட்டம் துணையா, தடையா? ‘துணையே’ என்பது எங்கள் அணி. ‘தடையே’ என்று எதிரணித் தலைவர் முழங்கிவிட்டு உட்கார்ந்திருக்கிறார். அவர் சொன்னது மூன்று. கலை கற்றவர் கையை ஓங்கினாலே சட்டம் அதை ஆயுதமாகப் பார்க்கிறது. அடித்தவன் மேலும் வழக்கு, அடிபட்டவன் மேலும் வழக்கு. தற்காப்பு என்று நிரூபிக்கும் சுமையும் நம் தலையில். நடுவில் ஒரு போடும் போட்டார்: “பிளாக் பெல்ட் வாங்கினால் போலீஸ் ஸ்டேஷனில் கையைப் பதிய வேண்டும்!” எந்தச் சட்டம், எந்தப் பிரிவு என்று மட்டும் சொல்லவில்லை. எப்படிச் சொல்வார்? இந்தியாவில் அப்படி ஒரு பதிவேடே கிடையாது. ஸ்டேஷனில் கைரேகை எடுப்பார்கள் ஐயா, கையை எடுக்க மாட்டார்கள்!

கம்புக்கும் இதே கதைதான். சிலம்பக் கம்போடு பஸ்ஸில் ஏறினால் ஆயுத வழக்கு வரும் என்று பயப்படுகிற பெற்றோர் உண்டு. 1959-ஆம் ஆண்டு ஆயுதச் சட்டத்தில் ‘ஆயுதம்’ என்றால் என்ன என்று சொல்லும் இடத்திலேயே, வீட்டுக்கும் விவசாயத்துக்கும் என்றே செய்யப்பட்ட பொருட்கள் ஆயுதம் ஆகாது என்று விலக்கி, அதற்கு உதாரணமாக லத்தியையும் சாதாரணக் கைத்தடியையும் பெயர் சொல்லி எழுதியிருக்கிறார்கள். வாள் அப்படியல்ல. ஒன்பது அங்குலத்துக்கு மேல் நீளமோ, இரண்டு அங்குலத்துக்கு மேல் அகலமோ உள்ள அலகுக்கு, அறிவிக்கை செய்யப்பட்ட பகுதிகளில் உரிமம் வேண்டும். சுருள்வாள் வைத்திருக்கும் ஆசான்கள் தங்கள் ஊர் அந்தப் பகுதியில் வருகிறதா என்று பார்த்துக்கொள்வது நல்லது. பரம்பரையாக வந்த மான்கொம்பு இன்னும் சிக்கல். வெளிமான் 1972-ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் இருக்கிறது. தாத்தா கொடுத்தது என்று சொன்னால் வனத்துறை கேட்காது. மான்கொம்பு ஆயுதத்துக்கு மடு என்று பெயர். மரத்தில் கடைந்து இரும்பு முனை வைத்த மடுவோடு ஆடலாம், ஆட்டத்துக்கு ஒன்றும் குறையாது.

இனி மையத்துக்கு வருகிறேன். 2024 ஜூலை 1 முதல் இந்திய தண்டனைச் சட்டம் போய், பாரதிய நியாய சன்ஹிதா வந்துவிட்டது. பழைய 96 முதல் 106 வரையிலான தற்காப்புரிமைப் பிரிவுகள் புதியதில் 34 முதல் 44 வரை. எண் மாறியது, சரக்கு மாறவில்லை.

அடிமுறை என்ற நம் தற்காப்புக் கலையின் களரியில், அதாவது பயிற்சிக்கூடத்தில், ஆசான் பூட்டை மட்டும் சொல்லித்தர மாட்டார். பூட்டு என்றால் மூட்டை மடக்கிப் பிடிப்பது, பிரிவு என்றால் பிடியை விடுவது; பூட்டும் பிரிவும் சேர்த்தே பாடம். எப்போது பூட்டுவது, எப்போது விடுவது, இரண்டும் தெரிந்தால்தான் வித்தை. 40-ஆம் பிரிவைப் படித்துப் பாருங்கள், அதே பாடம் அங்கே இருக்கிறது. ஆபத்து வரும் என்ற நியாயமான அச்சம் எழுந்த நொடியில் உரிமை தொடங்குகிறது. அந்த அச்சம் இருக்கிற வரை நீடிக்கிறது. அச்சம் தீர்ந்தால் உரிமையும் தீர்ந்தது.

ஒரு காட்சியை மெதுவாக ஓட்டிப் பார்ப்போம். இரவு பத்தரை மணி, பேருந்து நிலையத்தின் பின்சந்து. ஒருவன் கத்தியைக் காட்டி ஒரு பெண்ணின் மணிக்கட்டைப் பிடித்து ஆட்டோவுக்கு இழுக்கிறான். அந்தப் பெண்ணுக்குப் பிடிவரிசை, அதாவது பிடித்து மடக்கும் வித்தை, தெரியும்.

கத்தி இன்னும் மேலே படவில்லை. பட்ட பிறகுதான் திருப்பித் தாக்கலாமா? இல்லை. முயற்சியோ மிரட்டலோ போதும். அவள் மணிக்கட்டைத் திருகி, முழங்கையைப் பூட்டி, ஒரு அடி பின்வாங்கி இழுக்கிறாள். மூட்டு நழுவுகிறது. எலும்பு முறிவும் மூட்டு நழுவலும் 116-ஆம் பிரிவின்படி கொடுங்காயம். வேறு சூழலில் ஏழு ஆண்டு வரை சிறைக்கு உரிய செயல். இங்கே? குற்றமே இல்லை. மரண பயம், கொடுங்காய பயம், பாலியல் வன்கொடுமை, ஆள் கடத்தல், அமில வீச்சு என்று 38-ஆம் பிரிவு ஏழு சூழல்களைச் சொல்கிறது. அவற்றில் தாக்க வந்தவனின் உயிர் போனாலும் தற்காப்புதான். மூட்டு நழுவியதற்கா சட்டம் கேள்வி கேட்கப் போகிறது?

அடுத்த நொடி. கத்தி கீழே விழுகிறது. அவன் குனிந்து அதை எடுக்கப் போனால் அச்சம் தீரவில்லை, உரிமையும் தீரவில்லை, அவள் உதைக்கலாம். மாறாக, அவன் தன் அடிபட்ட கையைப் பிடித்துக்கொண்டு ஓடுகிறான். அவள் கத்தியை எடுத்துத் துரத்திப் போய் முதுகில் குத்துகிறாள் என்று வையுங்கள். இது தற்காப்பு இல்லை. 1962-ல் ஜெய்தேவ் வழக்கில் உச்ச நீதிமன்றம் இந்தக் கோட்டைத்தான் போட்டது: ஆபத்து விலகிய பிறகு, ஓடுகிறவர்களைச் சுட்டது உரிமைக்குள் வராது.

எதிரணி இதைத்தான் ‘கையைக் கட்டுகிறது’ என்கிறது. பிரிவு கொடுக்கத் தெரியாதவனுக்கு வேண்டுமானால் அது கட்டு. பயந்து கண்ணை மூடிக்கொண்டு கல்லால் பத்து முறை அடிக்கிறவனுக்கு எங்கே நிறுத்துவது என்று தெரியாது. வித்தை தெரிந்தவர் மூன்றாவது அடியை அடிக்காமல் விடுவார்.

எதிரணியின் அடுத்த பேச்சாளர் ஒரு நல்ல கேள்வி கேட்டார், மழுப்ப மாட்டேன். “வர்மம் தெரிந்தவனைச் சட்டம் கூடுதலாகச் சந்தேகிக்காதா?” தொடுவர்மம் 96, படுவர்மம் 12 என்று படித்தவர், படுவர்மத்தில் அடித்துவிட்டு ‘இது உயிரைப் பறிக்கும் என்று தெரியாது’ என்று சொல்ல முடியாதுதான். கொலைக் குற்றத்தில் ‘அறிந்தே செய்தான்’ என்பதற்கு எடை உண்டு. ஆனால் அந்த எடை தராசில் ஏறுவது, முதலில் தற்காப்பே இல்லை என்றான பிறகு. தற்காப்பு இருந்தால் 34-ஆம் பிரிவு மொத்தத்தையும் துடைத்துவிடும். நல்லெண்ணத்தோடு, முன்திட்டம் இல்லாமல், எல்லை கொஞ்சம் மீறி உயிர் போயிருந்தாலும், 101-ஆம் பிரிவின் இரண்டாம் விதிவிலக்கு அதைக் கொலை என்ற தலைப்பிலிருந்தே இறக்கிவிடுகிறது.

எல்லை மீறல் என்றதும், அளவு பார்க்க நீதிபதி நகைக்கடைத் தராசோடு வருவார் என்று நினைக்க வேண்டாம். 1950-ல் இன்றைய மத்தியப் பிரதேசத்தின் கட்னியில் கலவரம். அம்ஜத் கான் என்பவரின் உடன்பிறந்தவர் பகுதியைக் கும்பல் உடைத்துக்கொண்டு நுழைந்துவிட்டது, அவருடைய கதவையும் கம்பால் அடிக்கிறது. அம்ஜத் கான் துப்பாக்கியால் சுட்டார். கீழே தண்டனை. 1952-ல் உச்ச நீதிமன்றம் விடுதலை. கதவு உடையும் வரை அவர் காத்திருக்க வேண்டியதில்லை, அந்த நேரத்து அச்சத்தைப் பொன் நிறுக்கும் தராசில் நிறுக்கக் கூடாது என்றது. தேவ் நாராயண் வழக்கில், தலையில் லத்தி அடி விழுந்தவர் ஈட்டியால் குத்தினார். லத்திக்கு ஈட்டியா என்று கேட்ட உயர் நீதிமன்றத்தின் கணக்கை உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. தலையில் விழும் லத்தியும் உயிரைக் குடிக்கும்.

ஆனால் கெட்ட வார்த்தைக்குக் கை நீட்டினால் சட்டம் வராது, வெறும் சொல் தாக்குதல் ஆகாது. ‘வாடா வெளியே’ என்று இருவரும் வேட்டியை மடித்துக் கட்டி இறங்கினால் இருவருக்கும் உரிமை இல்லை. இங்கே நான் எதிரணிக்கு எதிராக வாதாட முடியாது!

சரி, இரண்டாவது குற்றச்சாட்டு: கேஸும் கவுண்டர் கேஸும். உண்மை, இரண்டு பக்கமும் வழக்குப் போடுவார்கள். ஆனால் இரண்டையும் ஒரே அதிகாரி சேர்த்து விசாரித்து, யார் முதலில் தாக்கியது என்று கண்டுபிடிக்க வேண்டும் என்று தமிழ்நாடு காவல் நிலையாணை 566 சொல்கிறது. அந்த விசாரணையில் தோற்பவர்கள் எங்கே தோற்கிறார்கள் தெரியுமா? சட்டப் புத்தகத்தில் இல்லை, அரசு மருத்துவமனை ஓ.பி. மேசையில்.

அங்கே மருத்துவர் ஏ.ஆர். எழுதுகிறார். விபத்துப் பதிவேடு. எத்தனை பேர், தெரிந்தவரா தெரியாதவரா, எதால், எங்கே, எத்தனை மணிக்கு என்று நீங்கள் சொல்வதை ஓரிரு வரியில் குறிப்பார். போலீஸ் தொல்லை வேண்டாம் என்று ‘படியில் விழுந்துட்டேன் டாக்டர்’ என்று சொல்லிவிட்டு, மூன்று நாள் கழித்து ‘என்னை நாலு பேர் அடித்தார்கள், தற்காத்தேன்’ என்று புகார் கொடுத்தால் எந்த வக்கீலும் கரையேற்ற முடியாது. ஓங்கிய கம்பைத் தடுத்தவருக்குக் காயம் எங்கே இருக்கும்? முன்கையின் வெளிப்பக்கம், சுண்டுவிரல் பக்கத்து எலும்பின் மேல். தடுத்ததற்கு அதுவே சாட்சி. கன்றிய இடம் முதலில் சிவந்து, நீலம் பாரித்து, பிறகு பச்சையாகி, மஞ்சளாகி மறைந்துவிடும். அதனால் அன்றைக்கே காட்டுங்கள், செ.மீ. அளவோடு எழுதச் சொல்லுங்கள். குற்றம் சாட்டப்பட்டவர் உடலில் உள்ள காயத்துக்கு அரசுத் தரப்பு விளக்கம் சொல்லாமல் விட்டால் வழக்கே ஆட்டம் காணும் என்று 1976-ல் லட்சுமி சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. காயம் ஏ.ஆரில் ஏறியிருந்தால்தானே அந்தக் கேள்வியைக் கேட்க முடியும்?

கூடவே, 112-க்கு நீங்கள் முதலில் அழையுங்கள், அழைப்பு நேரம் பதிவாகும். கிழிந்த சட்டையைத் துவைக்க வேண்டாம். எதிர்க்கடை கேமரா பதிவு சில நாளில், மிஞ்சினால் சில வாரத்தில் தானே அழிந்து மேலே புதுப்பதிவு ஏறும். உடனே காவல் நிலையத்தில் எழுத்தில் கேளுங்கள்.

மூன்றாவது, நிரூபிக்கும் சுமை. பாரதிய சாட்சிய அதினியம் 108-ஆம் பிரிவு அந்தச் சுமையை நம் பக்கம் வைப்பது உண்மை. எவ்வளவு சுமை என்பதை எதிரணி சொல்லாமல் விட்டுவிட்டது. அரசுத் தரப்பு சந்தேகத்துக்கு இடமின்றி நிரூபிக்க வேண்டும். நாம் ‘இப்படி நடந்திருக்க வாய்ப்பு அதிகம்’ என்று காட்டினால் போதும். அதையும் அரசுத் தரப்புச் சாட்சியின் வாயிலிருந்தே காட்டலாம். 2012-ல் மதுரையில் மகளைக் காக்கக் கணவனை அடித்துக் கொன்ற ஒரு பெண்ணை, காவல்துறையே பழைய 100-ஆம் பிரிவின்படி விடுவித்தது. நீதிமன்றத்தில் அவர் சுமை தூக்கவே வேண்டியிருக்கவில்லை.

நடுவர் மணியைத் தொடுகிறார், தெரிகிறது. களரி நடத்துகிறவர்களுக்கு மட்டும் ஒன்று. நியாய சன்ஹிதாவின் 25-ஆம் பிரிவின் கீழ் ஓர் எடுத்துக்காட்டு இருக்கிறது, 1860-ல் பழைய சட்டத்தில் எழுதியது: இருவர் பொழுதுபோக்காக வாள்விளையாட்டு ஆட ஒப்புக்கொள்கிறார்கள், கள்ளாட்டம் இல்லாமல் ஆடும்போது ஒருவருக்குக் காயம் பட்டால் குற்றமில்லை. சிலம்பத்துக்கு இதைவிடப் பொருத்தமான எடுத்துக்காட்டை நாமே எழுதியிருக்க முடியாது. ஆனால் அந்தச் சம்மதம் 18 வயதுக்கு மேற்பட்டவரின் சம்மதம். 12 வயதுக்குக் கீழே என்றால் 27-ஆம் பிரிவு, பெற்றோர் சம்மதம் வேண்டும். இடைப்பட்ட பிள்ளைகளுக்கு, அவர்கள் நன்மைக்காகவே நல்லெண்ணத்தோடு செய்தது என்ற 26-ஆம் பிரிவுதான் கை கொடுக்கும். பத்து வயதுப் பிள்ளைக்குத் தலைக்கவசம் இல்லாமல் கம்புச் சண்டை வைத்துவிட்டு ‘நல்லெண்ணம்’ என்று சொல்ல முடியாது. சேர்க்கைப் படிவத்தில் பெற்றோர் கையெழுத்தையும், அலமாரியில் கவசத்தையும் இன்றைக்கே சரிபார்த்துவிடுங்கள்.

மணி அடித்துவிட்டது. நன்றி, வணக்கம்.