33 நாள்ல ஓடிப்போன கோச்சா ஸ்டீவ் கோப்பல்?

அடுத்த கேள்வி. தம்பி ஒருத்தர் கேக்குறாரு: "அண்ணா, ஐஎஸ்எல் (இந்தியன் சூப்பர் லீக்) ஃபுட்பால்ல கேரளா பிளாஸ்டர்ஸுக்கு கோச்சா வந்த ஸ்டீவ் கோப்பல், இங்கிலாந்து கிளப் மான்செஸ்டர் சிட்டிய 33 நாள்ல விட்டுட்டு ஓடுனவர்தானே? அவரப் போயி ஏன் இப்படித் தூக்கிப் பேசுறீங்க?"

33 நாள் உண்மைதான் தம்பி. 1996 நவம்பர்ல, பிரஷர்ல உடம்பு கெட்டுப்போச்சுன்னு சொல்லி விலகிட்டாரு. அதுக்கப்புறம் நடந்ததையும் சேத்துப் பாருங்க. அடுத்த மே மாசமே வெம்பிளில ப்ளே-ஆஃப் ஃபைனல், அதாவது மேல் லீக்குக்கு ஏறுறது யாருன்னு முடிவு பண்ற மேட்ச். கிரிஸ்டல் பேலஸ ப்ரீமியர் லீக்குக்கு ஏத்திவிட்டு நிக்குறது இதே கோப்பல்தான்.

ஆளு லிவர்பூல்காரரு. அங்க யுனிவர்சிட்டில எகனாமிக் ஹிஸ்டரி படிச்சுக்கிட்டே ட்ரான்மியர் ரோவர்ஸுக்கு ஆடுனாரு. 1975ல மான்செஸ்டர் யுனைடெட் வாங்குச்சு, அப்பவும் படிப்ப விடல. ரைட் விங்கரு, அதாவது வலது ஓரமா ஓடி அட்டாக் பண்றவரு. அந்தக் காலத்துல விங்கர்னாலே டிஃபெண்டருங்க கால ஒடிக்கத்தான் பாப்பாங்க. அப்படியும் 1977லருந்து 1981 வரைக்கும் ஒரு லீக் மேட்ச் கூட விடாம வரிசையா 200 மேட்சுக்கு மேல ஆடியிருக்காரு! அந்த வரிசை முடிஞ்ச அதே வருஷம் நவம்பர்ல, இங்கிலாந்துக்காக ஹங்கேரியோட ஆடும்போது முட்டி போச்சு. வலியோடவே 82 வேர்ல்ட் கப் ஆடுனாரு. 83ல, 28 வயசுல, கதை முடிஞ்சிருச்சு.

அடுத்த வருஷமே, நான் மேல சொன்ன கிரிஸ்டல் பேலஸுக்கு முதல் தடவையா மேனேஜர். அப்ப பேலஸ் ரெண்டாவது டிவிஷன், கையில காசும் கிடையாது. லோக்கல் டீம்ல ஆடிக்கிட்டிருந்த, 22 வயசத் தொடப்போற ஒரு பையன எடுத்தாரு. இயன் ரைட்னு பேரு. 1989ல டீம் முதல் டிவிஷனுக்கு ஏறிருச்சு, அப்ப அதுதான் உச்ச லீக்.

இப்ப நான் சொல்ல வந்த மேட்டருக்கு வரேன். 1989 செப்டம்பர், ஆன்ஃபீல்டு. லிவர்பூல் 9, பேலஸ் 0. லிவர்பூல்ல எட்டு பேரு கோல் போட்டாங்க. பேலஸுக்குக் கெடச்ச ஒரு பெனால்டியும் வீணாப்போச்சு. வேற ஆளா இருந்தா டீமையே கலைச்சிருப்பாரு. இவரு பிரிஸ்டல் ரோவர்ஸ்லருந்து நைஜல் மார்ட்டின்னு ஒரு கீப்பர பத்து லட்சம் பவுண்டுக்கு வாங்குனாரு. பிரிட்டன்ல கீப்பருக்கு அவ்வளவு காசு குடுத்தது அதுதான் முதல் தடவை.

ஏழு மாசம் கழிச்சு இங்கிலாந்தோட நாக்-அவுட் போட்டியான எஃப்.ஏ. கப் செமி ஃபைனல், மறுபடி அதே லிவர்பூல். கோப்பல் கண்டுபிடிச்ச ஓட்டை என்னன்னா, கார்னர், ஃப்ரீ கிக்னு உள்ள பந்து வந்தா லிவர்பூல் டிஃபென்ஸ் தடுமாறும். 3-3ல எக்ஸ்ட்ரா டைம். ஒரு கார்னர். முன்பக்கப் போஸ்ட்டுகிட்ட ஆண்டி தார்ன் பந்த லேசா தலையால தட்டிவிடுறாரு, பின்னாடி ஆலன் பார்ட்யூ தலையால குத்துறாரு. 4-3! ஃபைனல்ல அவரோட பழைய யுனைடெட்டோடயே 3-3, ரீப்ளேல 1-0ல தோத்தாரு. அடுத்த சீசன் லீக்ல மூணாவது இடம்.

அப்புறம் அவரு மேனேஜரா இருந்த ரெடிங் கிளப் கதைய தனி வீடியோவாவே போடலாம். 2005-06ல ரெண்டாவது நிலை லீக்ல 46 மேட்ச்ல ரெண்டே தோல்வி, 106 பாயிண்ட்.

கேரளாவுலயும் இதே மாதிரிதான். 2016ல முதல் மூணு மேட்ச்ல ஜெயிக்கல, எல்லாரும் திட்டுனோம், நானும்தான். கடைசில கொச்சி ஃபைனல் வரைக்கும் கூட்டிட்டுப் போயி, கொல்கத்தா டீம் ஏடிகேகிட்ட பெனால்டி ஷூட்-அவுட்லதான் விட்டாரு.

சரி, அடுத்த கேள்வி...