தசை யார் சொல் கேட்கும்?

அவையோர்க்கு வணக்கம்.

கையைத் தூக்குகிறோம். தூக்கியது யார் என்று கேட்டுக்கொள்வதில்லை. அந்தக் கேள்வியைத் தன் உடம்பின் மேலேயே வைத்துக் கேட்டவர் ஸ்டெலார்க்; 1946இல் சைப்ரஸில் பிறந்து ஆஸ்திரேலியாவில் வளர்ந்த கலைஞர்.

அவருடைய ‘மூன்றாம் கை’ ஜப்பானில் 1980இல் முழுமை பெற்றது. அலுமினியம், எஃகு, அக்ரிலிக், லேட்டக்ஸ் ஆகியவற்றால் ஆன அந்தக் கையை வலக்கையோடு சேர்த்து மாட்டிக்கொள்வார். அது பற்றும், விடும். மணிக்கட்டு 290 பாகை சுழலும். அதற்குக் கட்டளை வயிற்றுத் தசையிலிருந்தும் கால் தசையிலிருந்தும் போகிறது. தசையின் மின் சிக்னலைப் பிடிக்கத் தோலில் ஒட்டும் தகடான எலக்ட்ரோடை முன்கையில் ஒட்டினால் சொந்தக் கை அசையும்போதெல்லாம் இயந்திரக் கையும் கூடவே அசைந்துவிடும், அதனால்தான். 1982இல் டோக்கியோவில் மூன்று கைகளாலும் ஒரே நேரத்தில் ‘எவல்யூஷன்’ என்ற ஒரே சொல்லை எழுதிக் காட்டினார்.

இந்த வேலையில் கலை எவ்வளவோ அவ்வளவு தோலும் முக்கியம். தசையிலிருந்து தோலுக்கு வந்து சேரும் சிக்னல் சில மில்லிவோல்ட்டுக்குள் அடங்கிவிடும். முடியை மழித்து, ஆல்கஹாலால் துடைத்து, தசையின் நார்கள் ஓடும் வாக்கிலேயே 2 செ.மீ. இடைவெளியில் இரண்டு எலக்ட்ரோடுகளை ஒட்ட வேண்டும். ஒப்பீட்டுக்கான மூன்றாவது எலக்ட்ரோடு, எலும்பு மேடாக இருக்கும் இடத்தில். குறுக்குவாக்கில் ஒட்டினால் சிக்னல் மெலியும். வியர்த்து ஒட்டு நெகிழ்ந்தாலோ, வீட்டு மின்சாரத்தின் 50 ஹெர்ட்ஸ் இரைச்சல் உள்ளே புகும். அதைத் தசையின் கட்டளை என்று எடுத்துக்கொண்டு இயந்திரம் தானாக மூடித் திறக்கும்.

இனி இதைத் திருப்பிப் போடுங்கள். 1995இல் ‘ஃபிராக்டல் ஃபிளெஷ்’ நிகழ்வில் அவர் உடல் லக்சம்பர்க்கில் நின்றது. பாரிஸ், ஹெல்சிங்கி, ஆம்ஸ்டர்டாமில் இருந்தவர்கள் திரையைத் தொட்டார்கள். அந்தத் தொடுகை மின்தூண்டலாக வந்து சேர, அவர் தசைகள் துடித்தன. சிக்னல் இப்போது வெளியிலிருந்து உள்ளே வருகிறது. அடுத்த ஆண்டு ‘பிங் பாடி’யில் தொடுவதற்கும் ஆள் இல்லை. இணையத்தில் ஒரு செய்தி போய்த் திரும்ப ஆகும் நேரம், 0 முதல் 2000 மில்லிவினாடி வரை, 0 முதல் 60 வோல்ட் வரையிலான தூண்டலாக மாறி அவரை ஆட்டியது. நெரிசலான இணையமே நடன ஆசான்! இப்படித் தூண்டும்போது ஒரே நார்களே மறுபடி மறுபடி ஒருசேர இழுபடுவதால், நாமாக அசைப்பதைவிடச் சீக்கிரம் தசை களைத்துப்போகும். மார்புக்குக் குறுக்கே மின்சாரம் பாயும்படி எலக்ட்ரோடுகளை ஒருபோதும் வைக்கக் கூடாது, இதயம் இருக்கிறது.

இயந்திரமும் இணையமும் சொன்னதையெல்லாம் கேட்ட அந்த உடல், ஓரிடத்தில் மறுத்தது. என்னைப் பொறுத்தவரை அவருடைய படைப்புகளிலேயே ஆழமானது இதுதான். 2006-07இல் இடது முன்கையில் ஒரு காது வளர்த்தார். முதலில் தோலுக்கடியில் ஒரு பை. அதில் உப்புநீரைச் சிறிது சிறிதாக ஏற்றித் தோலை நீட்டினார்கள். பிறகு நுண்துளைகள் நிறைந்த பாலிஎத்திலீன் காதுச் சட்டத்தை உள்ளே வைத்தார்கள். துளைகளுக்குள் திசுவும் ரத்தநாளமும் புகுந்து வளர, சட்டம் கையோடு கையாக ஒன்றிப்போனது. அதில் ஒரு ஒலிவாங்கியையும் பதித்தார்கள். கட்டுப் போட்ட நிலையிலும் அது சத்தத்தைப் பிடித்தது. ஆனால் சதை புகுந்து வளர ஒலிவாங்கியில் இடமில்லை. அப்படிப்பட்ட பரப்பில் கிருமி படலமாகப் படிந்துவிட்டால் மருந்து எட்டுவது கடினம். சில வாரங்களில் சீழ் பிடித்து, ஒலிவாங்கியை எடுத்துவிட்டார்கள்.

காது மட்டும் அந்தக் கையிலேயே தங்கிவிட்டது.