பிந்தி வரும் ஓசை

நேயர்களுக்கு அன்பான வணக்கம்.

ஜோன் ஜோனஸ் என்ற அமெரிக்கக் கலைஞரைப் பற்றித் திருகோணமலை நேயர்களிடம் பேச வேண்டும் என்பது என் நெடுநாள் ஆசை. வீடியோவையும், கலைஞர் தம் உடலையே ஊடகமாக்கிப் பார்வையாளர் முன் செய்யும் கலையான நிகழ்த்துகையையும் ஒன்றாகக் கையாண்ட முன்னோடிகளில் ஒருவர் அவர். 1936 இல் நியூயோர்க்கில் பிறந்து, சிற்பம் பயின்று, 1960களின் பிற்பகுதியில் நிகழ்த்துகைக்கு வந்தார்.

1970 இல் நியூயோர்க்கை அடுத்த ஜோன்ஸ் கடற்கரையில் அவர் நிகழ்வொன்றை நடத்தினார். பார்வையாளர்களை ஏறத்தாழ கால் மைல் தள்ளி நிறுத்தினார். நிகழ்த்துவோர் மரக்கட்டைகளைத் தலைக்கு மேல் தூக்கி ஒன்றோடொன்று அடித்தார்கள். கட்டைகள் மோதுவது முதலில் தெரியும், ஓசை பிறகுதான் வரும். ஒலி நொடிக்குச் சுமார் 340 மீற்றர்தான் செல்லும் என்பதால் அந்தத் தூரத்தைக் கடக்க ஒரு நொடிக்கு மேல் பிடிக்கிறது. நிலாவெளியிலோ சல்லியிலோ கரைவலை இழுக்கும்போது அருகில் நின்று பார்த்தவர்களுக்கு இது நன்றாகத் தெரியும். தூரத்துத் தோணியில் ஒருவர் துடுப்பால் விளிம்பில் தட்டுவார். சத்தம் நம் காதை எட்டும்போது துடுப்பு மறுபடியும் மேலே போயிருக்கும். கண்ணுக்கும் காதுக்கும் நடுவிலுள்ள அந்த இடைவெளிதான் ஜோனஸுக்குக் கலையின் மூலப்பொருள் ஆனது. 1972 இல் அதையே நகருக்குள் கொண்டுவந்தார். பார்வையாளர்களைக் கட்டடக் கூரையில் ஏற்றி, கீழே வெற்றுக் காணிகளிலும் ஆற்றோரத்திலும் நிகழ்த்தினார்.

1970 இல் யப்பானுக்குச் சென்றபோது அந்நாட்டின் மரபு முகமூடி நாடகங்களான நோ நாடகங்களைப் பார்த்தார். அங்கிருந்து சொனி நிறுவனத்தின் கையடக்க வீடியோ கருவி ஒன்றையும் வாங்கி வந்தார். திரைப்படச் சுருளைக் கழுவி எடுக்கும்வரை காத்திருக்க வேண்டும். வீடியோவில் அந்தக் காத்திருப்பு இல்லை. கமராவின் முன் நின்றபடியே தன் உருவத்தைத் தொலைக்காட்சித் திரையில் அவரால் பார்க்க முடிந்தது. அதற்கு முன்பே ஆளுயரக் கண்ணாடிகளை ஏந்தி நடக்கும் நிகழ்த்துகைகளை அவர் செய்திருந்தார். பார்க்க வந்தவர்கள் அவற்றில் தங்களையே பார்த்தார்கள்.

1972 இல் வெளிவந்த 'வேர்ட்டிக்கல் ரோல்' (செங்குத்து உருளல்) என்ற வீடியோவைத்தான் அவரது உச்சமாக நான் கருதுகிறேன். 1982 இல் ரூபவாகினித் தொலைக்காட்சி வந்த காலத்தை நினைவிருப்பவர்களுக்குப் படம் உருளும் தொல்லையும் நினைவிருக்கும். ஒருவர் அன்ரனாவைத் திருப்புவார், இன்னொருவர் பெட்டியின் திருகைத் திருகுவார். அந்தக் கோளாறை ஜோனஸ் வேண்டுமென்றே வைத்துக்கொண்டார். சுமார் 20 நிமிடங்களுக்குக் கறுப்புப் பட்டை திரையில் ஓயாமல் உருள்கிறது. கரண்டியால் அடிக்கும் ஓசை அந்த உருளலுக்குத் தாளம் போடுகிறது. அவருடைய கால்கள் பட்டையைத் தாண்டிக் குதிப்பதுபோல் தெரிகின்றன. ஒரு கை, ஒரு கால், இடுப்பு என்று துண்டு துண்டாகத்தான் அந்தப் பெண்ணுடல் நமக்குக் கிடைக்கிறது. முழுதாகப் பார்த்துவிட அவர் எவரையும் விடவில்லை. முடிவில் உருளும் திரைக்கும் கமராவுக்கும் நடுவே அவருடைய முகம், உருளும் பட்டைக்கு வெளியே, நேராக வந்து நம்மைப் பார்க்கிறது. இதை வெறும் தொழில்நுட்ப விளையாட்டு என்று ஒதுக்குவோரோடு எனக்குச் சிறிதும் உடன்பாடில்லை. பெண்ணைத் திரையில் காட்டும் வழக்கத்தின் மீது இவ்வளவு கூர்மையான கேள்வியை நான் வேறெங்கும் கண்டதில்லை.

1970களிலிருந்து கனடாவின் கேப் பிரெட்டன் தீவில் கோடைகாலங்களைக் கழித்து வந்தார். கடலும் மீன்களும் தேனீக்களும் படைப்புகளுக்குள் வந்தன. 2015 இல் இத்தாலியின் சர்வதேசக் கலைக் கண்காட்சியான வெனிஸ் பியனாலேயில் அமெரிக்க அரங்கம் அவருக்குக் கொடுக்கப்பட்டது. 2018 இல் யப்பானின் கியோட்டோ பரிசு கிடைத்தது. எண்பது வயதைக் கடந்த பிறகும் கடலுயிர்களைப் பற்றிய நிகழ்த்துகைகளில் மேடையேறினார். வெண்ணிற உடையில் நிற்கும் அவர்மேல் மீன்களின் வீடியோ விழ, அவர் தாளில் மீன் வரைந்துகொண்டிருப்பார்.

கைப்பேசியில் படம் பிடிக்கும் நம் ஊர் இளையோர் 'வேர்ட்டிக்கல் ரோல்' பார்க்கக் கிடைத்தால் நடுவில் நிறுத்தாமல் பார்க்க வேண்டுகிறேன். அந்தக் கரண்டிச் சத்தம் எரிச்சலூட்டும். ஒலியைக் குறைத்துவிடாதீர்கள்.

நன்றி, வணக்கம்.