இறக்கையை மடித்து ஷெட்டில் விடலாம்: மாத் விமானத்தின் கதை

[காட்சி: பழைய கருப்பு வெள்ளைப் படம். புல்வெளியில் ஓர் இரட்டை இறக்கை விமானம்.]

இந்த விமானத்தின் இறக்கைகளை முழுசாக விரித்தால் 30 அடி. இதை வாங்கினால் எங்கே நிறுத்துவது? பின்னைக் கழற்றிவிட்டு, கதவைத் தள்ளுவது போல் இறக்கையைப் பின்பக்கம் தள்ளினால் போதும். உடம்போடு ஒட்டிக்கொள்ளும். இப்போது அகலம் 10 அடிகூட இல்லை. ஒரு ஷெட் போதும்.

இதுதான் டி ஹாவிலண்ட் மாத். மாத் என்றால் அந்துப்பூச்சி. வடிவமைத்த ஜெஃப்ரி டி ஹாவிலண்டுக்குப் பூச்சிகள் மேல் தனிப் பிரியம். இறக்கை மடிந்த விமானத்துக்கு வேறு என்ன பெயர் வைப்பார்? 1925 பிப்ரவரி 22 அன்று, லண்டனை ஒட்டிய ஸ்டாக் லேன் மைதானத்தில் அவரே இதை முதன்முதலாக ஓட்டிப் பார்த்தார்.

[காட்சி: எஞ்சினின் வரைபடம். எட்டு சிலிண்டர்களில் ஒரு வரிசை மறைகிறது.]

எனக்கு மிகவும் பிடித்த விஷயம் இதன் எஞ்சின்தான். முதல் உலகப் போர் முடிந்தபின் ரெனோ வி-8 எஞ்சின்கள் ஏராளமாக மிஞ்சிக் கிடந்தன. வி-8 என்றால் பக்கத்துக்கு நான்காக எட்டு சிலிண்டர்கள். ஃபிராங்க் ஹால்ஃபோர்ட் என்ற பொறியாளர் அதில் ஒரு பக்கத்தை மட்டும் எடுத்துக்கொண்டார். கிடைத்தது 60 குதிரைசக்தி கொண்ட நாலு சிலிண்டர் எஞ்சின். பெயர் சிரஸ். பழைய சரக்கு என்பதால் விலையும் குறைவு. சரி, சரக்கு தீர்ந்தால்? அந்தக் கவலை வந்தபோதுதான் ஜிப்ஸி என்ற புது எஞ்சினைச் சொந்தமாகவே செய்தார்கள். அதைப் பொருத்தியதும் விமானம் ஜிப்ஸி மாத் ஆனது.

பெட்ரோல் டேங்க் மேல் இறக்கையின் நடுவில் இருக்கிறது. பம்ப் வேண்டாம், நம் வீட்டு மொட்டைமாடித் தொட்டி மாதிரி, தானாக இறங்கி எஞ்சினுக்கு வந்துவிடும். முன்னும் பின்னுமாக உட்காரும் இரண்டு பேரும் பேசிக்கொள்ள ஒரு குழாய். கிளப்புவதற்கு ஒருவர் முன்னால் நின்று புரொப்பல்லரைக் கையால் சுற்றிவிட வேண்டும். சுற்றிய கையோடு விலகிவிடவும் வேண்டும்!

[காட்சி: வரைபடம். லண்டனிலிருந்து டார்வின் வரை ஒரு கோடு.]

1930 மே 5. லண்டன் க்ராய்டனிலிருந்து ஏமி ஜான்சன் என்ற பெண் விமானி ஒரு பழைய ஜிப்ஸி மாத்தில் தனியாகக் கிளம்பினார். போக வேண்டிய இடம் ஆஸ்திரேலியா. விமானத்தின் பெயர் ஜேசன். அது அவருடைய அப்பாவின் மீன் வியாபாரத்தின் முத்திரைப் பெயர். வழியில் எரிபொருள் போதாமல் ஜான்சியில் ராணுவ அணிவகுப்பு மைதானத்திலேயே இறங்கினார். அதன்பின் ரங்கூன் அருகே இன்சீனில் விளையாட்டு மைதானம் ஒன்றில் இறங்கியபோது, வண்டி ஓடிப்போய்ப் பள்ளத்தில் விழுந்தது. புரொப்பல்லர் உடைந்தது, இறக்கைத் துணி கிழிந்தது.

பெரிய விமானமாக இருந்தால் பயணம் அங்கேயே முடிந்திருக்கும். இது மரச்சட்டமும் துணியும்தானே? மாற்றுப் புரொப்பல்லரைக் கையோடு கொண்டுவந்திருந்தார். துணிக்கு எங்கே போவது? போரில் மிஞ்சிய விமானத் துணியில் தைத்த சட்டைகள் அந்த ஊரில் இருந்தன. அவற்றைப் பிரித்து இறக்கையில் ஒட்டினார்கள்.

மே 24 அன்று ஆஸ்திரேலியாவின் டார்வின் நகரில் இறங்கினார். அந்த ஜேசன் இன்று லண்டன் அறிவியல் அருங்காட்சியகத்தில் தொங்குகிறது, இறக்கையை மடிக்காமல்.