குளம் வெட்டியவர் தோற்றவரா? ரெனே லெவெக் பற்றிய பட்டிமன்றத்தில் ‘வெற்றியே’ அணியின் உரை

நடுவர் அவர்களே, எதிரணி நண்பர்களே, வெளியே கொட்டும் பனியைப் பொருட்படுத்தாமல் அரங்கை நிறைத்திருக்கும் மொன்றியல் தமிழ் மக்களே, எல்லாருக்கும் வணக்கம்.

“பிரெஞ்சு பேசும் கனடிய மாகாணமான கியூபெக்கின் முன்னாள் முதல்வர் ரெனே லெவெக்கின் அரசியல் வாழ்வில் விஞ்சி நிற்பது வெற்றியா, தோல்வியா?” என்பது இன்றைய தலைப்பு. எதிரணித் தலைவர் தோல்விகளை வரிசையாக அடுக்கினார். 1970 தேர்தலில் தோற்றார், 1973இல் தோற்றார், தனிநாடு பற்றிய 1980 பொது வாக்கெடுப்பில் தோற்றார், 1981இல் மற்ற மாகாண முதல்வர்கள் எல்லாரும் கைவிட்டார்கள், 1984இல் சொந்த அமைச்சர்களே விலகிப் போனார்கள். கடைசியில், “தனிநாடு என்ற கோயிலைக் கட்டக் கிளம்பியவர், குளம் வெட்டியதோடு நின்றுபோனார்” என்று முடித்தார். நல்ல கைதட்டல் கிடைத்தது.

சரி, அந்தக் குளத்தைப் பற்றியே பேசுவோம்.

போன வாரம் எங்கள் வீட்டுச் சமையலறை மேசையில் ஒரு கடிதம் கிடந்தது. ஹைட்ரோ பில். இந்த ஊருக்கு வந்த புதிதில், கரண்ட் பில்லை ஏன் ஹைட்ரோ பில் என்கிறார்கள் என்று எனக்குப் புரியவில்லை. இங்கே மின்சாரம் என்றாலே தண்ணீர்தான். வெளியே மைனஸ் இருபத்தைந்து காட்டும்போது, சுவரோரம் தரையை ஒட்டியிருக்கும் ஹீட்டர் ‘டிக் டிக்’ என்று சூடேறுகிறதே, அந்தச் சூடு வடக்கே ஏதோ ஓர் அணையிலிருந்து வருகிறது. வட அமெரிக்காவில் மிகக் குறைந்த கட்டணத்தில் வீடுகளுக்கு மின்சாரம் கிடைக்கும் இடங்களில் கியூபெக்கும் ஒன்று. இது தானாக நடந்ததா?

1960இல் லிபரல் கட்சிக்காரராக, ழான் லெசாஜின் அமைச்சரவையில் லெவெக் சேர்ந்தார். அதுவரை அவர் செய்தியாளர். இரண்டாம் உலகப் போரில் அமெரிக்கப் படையோடு போய், 1945இல் டாஹவ் வதைமுகாமுக்குள் நுழைந்த முதல் செய்தியாளர்களில் ஒருவர். பிறகு ரேடியோ கனடா தொலைக்காட்சியில், கையில் சாக்பீஸ், பின்னால் கரும்பலகை, வாயில் சிகரெட் என்று நின்று, சூயஸ் கால்வாய்ப் பிரச்சினையைக் காஸ்பே மீனவருக்கும் புரியும்படி விளக்கியவர். அந்த மனிதர் அமைச்சரானதும் கேட்ட கேள்வி எளிமையானது. ஆறு நம்முடையது, அருவி நம்முடையது, அதிலிருந்து வரும் மின்சாரம் மட்டும் ஏன் யாரோ ஒரு கம்பெனியுடையது?

அன்றைய நிலையைக் கேளுங்கள். ஊருக்கு ஊர் வேறு கம்பெனி, வேறு கட்டணம். லெவெக் வளர்ந்த காஸ்பே பகுதியில் மொன்றியலைவிடப் பல மடங்கு அதிகம் கொடுக்க வேண்டும். வடமேற்கே அபிடிபியில் மின்சாரம் 25 சைக்கிள், அதாவது நொடிக்கு 25 முறை அலையும், மற்ற இடங்களில் 60. மொன்றியலில் வாங்கிய மின்கடிகாரத்தை அங்கே கொண்டுபோய் மாட்டினால் நேரம் தப்பும். ஒரே மாகாணத்துக்குள் கடிகாரம்கூட ஒன்றாக ஓடவில்லை, நடுவர் அவர்களே! பெரிய மின்கம்பெனிகளின் மேல்தட்டில் பேச்சு முழுக்க ஆங்கிலம். பிரெஞ்சுக்காரப் பையன் படித்துவிட்டுப் போனாலும் மேலே ஏறுவது கடினம்.

முதல்வர் லெசாஜுக்கே முதலில் இதில் விருப்பமில்லை. 1962 செப்டம்பரில் லாக் அ லெபோல் என்ற ஏரிக்கரை விடுதியில் அமைச்சரவை கூடியது. அங்கே லெவெக் வாதாடி வென்றார். மின்சாரத்தை நாட்டுடைமையாக்குவதா இல்லையா என்று மக்களிடமே கேட்போம் என்று தேர்தலுக்குப் போனார்கள். “நம் வீட்டுக்கு நாமே எசமானர்” என்பதுதான் முழக்கம். லெவெக் மறுபடி கரும்பலகையைத் தூக்கிக்கொண்டு ஊர் ஊராகப் போய், எந்தக் கம்பெனி எங்கே, எவ்வளவு வசூல் என்று வகுப்பெடுத்தார். நவம்பர் 14 அன்று 95 தொகுதிகளில் 63. 1963 மே 1ஆம் தேதி தனியார் மின்கம்பெனிகள் அரசு மின் நிறுவனமான ஹைட்ரோ கியூபெக்கின் கைக்கு வந்தன. விலை சுமார் 60 கோடி டாலர். யாருடைய சொத்தையும் பிடுங்கவில்லை, காசு கொடுத்து வாங்கினார்கள். அப்புறம் மனிக்குவகன் ஆற்றில் அணைகள் எழுந்தபோது, அங்கே பொறியாளரும் மேஸ்திரியும் பிரெஞ்சில் பேசியே வேலையை முடித்தார்கள். அதுவரை ‘உங்களால் முடியாது’ என்று கேட்டுக் கேட்டு வளர்ந்த ஒரு மக்களுக்கு அது எப்படி இருந்திருக்கும்!

எதிரணியின் இரண்டாவது பேச்சாளர், “அது லெசாஜின் வெற்றி, லெவெக்கின் கணக்கில் எழுதாதீர்கள்” என்றார். லெசாஜுக்கு உரிய பங்கை நான் மறுக்கவில்லை. ஆனால் அந்த விடுதி அறையில் லெவெக் இல்லாமல் இருந்திருந்தால் அந்தத் தேர்தலே நடந்திருக்காது.

இனி தனிநாட்டுக் கதைக்கு வருகிறேன். 1967 அக்டோபரில் கட்சி மாநாட்டில் தன் இறையாண்மைத் திட்டத்துக்கு ஆதரவில்லை என்று தெரிந்ததும் லிபரல் கட்சியை விட்டு வெளியேறினார். அடுத்த ஆண்டு அவர் தலைமையில், தனிநாடு கேட்கும் கெபெக்வா கட்சி பிறந்தது. 1970இல் நூற்றுக்கு 23 வாக்கு, ஏழே தொகுதி. தலைவருக்கே தொகுதி இல்லை. 1973இல் 30 வாக்கு, ஆறு தொகுதி. மறுபடியும் தலைவருக்கு இல்லை. எதிரணியினர் இதைத் தோல்வி என்கிறார்கள். வாக்கு ஏறிக்கொண்டே போவதை ஏன் படிக்காமல் விட்டீர்கள்? அதே ஆண்டுகளில் தனிநாடு கேட்ட ஒரு சிறு தீவிரவாதக் கூட்டம் குண்டு வைத்தது, 1970 அக்டோபரில் ஆள் கடத்தியது, அமைச்சர் பியேர் லபோர்ட்டைக் கொன்றது. குறுக்குவழி கண்ணுக்கு முன்னால் கிடந்தபோது, லெவெக் அந்தக் கொலையைப் பகிரங்கமாகக் கண்டித்தார். வாக்குப்பெட்டியைத் தவிர வேறு வழியில்லை என்று நின்றார். சட்டமன்றத்தில் இடமில்லாமல், பத்திரிகையில் பத்தி எழுதிக்கொண்டு ஆறு ஆண்டு காத்திருந்தார். 1976 நவம்பர் 15 அன்று 110இல் 71 தொகுதிகள் கிடைத்தன.

ஆட்சிக்கு வந்ததும் அவர் மனதுக்கு மிகப் பிடித்து நிறைவேற்றிய சட்டம் எது? பலர் மொழிச் சட்டம் என்று நினைப்பார்கள். இல்லை, கட்சி நிதிச் சட்டம். 1977இல் வந்தது. கம்பெனி பணம் கொடுக்கக் கூடாது. தொழிற்சங்கம் கொடுக்கக் கூடாது. வாக்காளர் மட்டும்தான் கொடுக்கலாம், அதுவும் ஆண்டுக்கு 3,000 டாலருக்கு மேல் கூடாது. ஆளுங்கட்சிக்குத்தான் பணம் கொட்டும் என்பது உங்களுக்குத் தெரியும், எனக்கும் தெரியும். ஆட்சியில் உட்கார்ந்துகொண்டே அந்தக் குழாயைத் தன் கையால் அடைத்தவர் அவர். ஒட்டாவாவில் இருக்கும் மத்திய அரசு இதே மாதிரி முழுத் தடையைக் கொண்டுவர 2006 வரை ஆனது. நம் ஊர்த் தேர்தல்களைப் பார்த்து வளர்ந்த நான், இந்த ஒரு சட்டத்துக்காகவே அவரை எழுந்து நின்று வணங்குவேன்.

மொழிச் சட்டம், அதாவது 101ஆம் சட்டம், அதே 1977இல் அமைச்சர் கமீல் லோரான் எழுதிக் கொண்டுவந்தது. லெவெக்குக்கு அதில் ஒரு மனக்குறை இருந்தது. தன் மொழியைக் காக்க ஒரு மக்களுக்குச் சட்டம் தேவைப்படுவதே தலைகுனிவு என்று நினைத்தார். ஆனாலும் தேவை என்று கண்டபின் தடுக்கவில்லை. அந்தச் சட்டத்தால்தான் இங்கே குடியேறி வந்த நம் பிள்ளைகள் பிரெஞ்சுப் பள்ளிக்குப் போகிறார்கள். என் மகள் முதல் மாதம் தினமும் அழுதுகொண்டே வந்தாள். எனக்குக் கோபம் வந்தது, மறைக்கவில்லை. ஆங்கிலத்தில் படிக்க வைக்கலாம் என்றுதானே கடல் தாண்டினோம்? இன்று அந்த ஹைட்ரோ பில்லை எனக்குப் படித்துச் சொல்பவள் அவள்தான். வீட்டில் தமிழ், வகுப்பில் பிரெஞ்சு, தெருவில் ஆங்கிலம். மூன்றுக்கும் இடையே அவள் மூச்சுவிடாமல் தாவுவதைக் கேட்டால் என் கோபம் எங்கே போனது என்று தெரியவில்லை. தன் மொழி அழிந்துவிடுமோ என்று பயந்த ஒரு மக்களின் பயம், தமிழனுக்குப் புரியாமல் வேறு யாருக்குப் புரியும்?

இப்போது 1980. எதிரணியின் பெரிய ஆயுதம். மே 20ஆம் தேதி, நூற்றுக்கு அறுபது பேர் ‘வேண்டாம்’ என்றார்கள். ஓம், பெரிய தோல்வி. ஆனால் எப்படித் தோற்றார் என்று பாருங்கள். வாக்கெடுப்புக்கு முன்பே அவர் அரசு ஒரு விதி செய்திருந்தது. ‘வேண்டும்’ அணிக்கும் ‘வேண்டாம்’ அணிக்கும் ஒரே அளவு செலவு வரம்பு. அரசு அவருடையது, அதிகாரம் அவருடையது, எதிராளிக்கும் சமமான களம் போட்டுக் கொடுத்தார். கேட்ட கேள்வியும் பேச்சுவார்த்தைக்கு அனுமதி கேட்டதுதான். அதன் முடிவை இன்னொரு வாக்கெடுப்புக்கு விடுவேன் என்று அந்தக் கேள்வியிலேயே எழுதியிருந்தார்.

அன்றிரவு போல் சோவே அரங்கில், ஆயிரக்கணக்கான பேர் அழுதுகொண்டிருக்க, அந்தக் குள்ள உருவம் மேடைக்கு வந்தது. கூட்டம் கைதட்டலை நிறுத்தவே இல்லை. பல நிமிடம் பேச முடியாமல் நின்றார். பிறகு சொன்னார்: “நான் உங்களைச் சரியாகப் புரிந்துகொண்டேன் என்றால், அடுத்த முறை பார்ப்போம் என்று சொல்கிறீர்கள்.” மோசடி என்று கத்தவில்லை. தெருவுக்கு வா என்று கூப்பிடவில்லை. இது மக்களின் முடிவு, ஏற்க வேண்டும் என்றார். அந்தக் கண்ணீர்க் கூட்டம் அமைதியாக வீட்டுக்குப் போனது. ஒரு நாடே உடைகிறதா என்ற கேள்விக்கு விடை சொன்ன இரவு அது.

அதற்கு அடுத்து நடந்ததை எதிரணி சொல்லவே இல்லை. பதினொரு மாதம் கழித்து, 1981 ஏப்ரல் 13 அன்று மாகாணத் தேர்தல். அதே மக்கள், அதே லெவெக். நூற்றுக்கு 49 வாக்கு, 122இல் 80 தொகுதி! கேள்விக்கு ‘வேண்டாம்’ என்றவர்கள், ஆளுக்கு ‘வேண்டும்’ என்றார்கள். அவரைத் தோற்றவர் என்று அந்த மக்கள் சொல்லவில்லை. நாம் எப்படிச் சொல்வது?

1981 நவம்பர் இரவைப் பற்றியும் சொன்னார்கள். அரசியல் சாசனப் பேச்சு ஒட்டாவாவில். லெவெக் ஆற்றுக்கு அப்பால் ஹல் நகரில் தூங்கினார். விடிவதற்குள் மற்ற ஒன்பது மாகாண முதல்வர்களும் கனடாப் பிரதமர் பியேர் ட்ரூடோவோடு உடன்பாட்டுக்கு வந்துவிட்டார்கள். காலைச் சாப்பாட்டு மேசையில்தான் அவருக்குச் செய்தி. ஏமாந்தார், உண்மை. ஆனால் அவர் போடாத கையெழுத்தை, அதற்குப்பின் வந்த எந்த கியூபெக் அரசும் இன்றுவரை போடவில்லை. அவரை எதிர்த்த லிபரல்காரர்களும் போடவில்லை.

ஒன்றை மட்டும் ஒப்புக்கொள்கிறேன். 1983 தொடக்கத்தில், பொருளாதார நெருக்கடியில், அரசு ஊழியர் சம்பளத்தை மூன்று மாதத்துக்கு இருபது விழுக்காடு வரை வெட்டினார். அவருக்காகக் கதவு கதவாகத் தட்டிய ஆசிரியர்களின் வயிற்றில் அடித்தது அது. அதை நான் நியாயப்படுத்த மாட்டேன். அந்தக் காயத்தோடுதான் 1985இல் பதவி விலகினார். 1987 நவம்பர் 1 அன்று மாரடைப்பில் இறந்தார்.

நடுவர் அவர்களே, நீங்கள் தீர்ப்பு எழுதுவதற்கு முன் ஒன்று மட்டும் பார்க்கச் சொல்கிறேன். அவர் போனபின் எதிர்க்கட்சி பலமுறை ஆண்டது. ஹைட்ரோ கியூபெக்கை விற்றார்களா? இல்லை. கம்பெனிப் பணத்தை மீண்டும் உள்ளே விட்டார்களா? இல்லை, தனிநபர் வரம்பையும் ஆயிரம் டாலராக இறக்கினார்கள். 101ஆம் சட்டத்தைத் தூக்கினார்களா? திருத்தினார்கள், தூக்கவில்லை. எதிரியும் இடிக்கத் துணியாமல் காத்து வைத்திருக்கும் குளத்தை வெட்டியவர் அவர்.

இன்றிரவு நகரத்துக்குள் வண்டியில் போகிறவர்கள் ரெனே லெவெக் சாலை வழியாகப் போங்கள். முன்பு அதற்கு டார்செஸ்டர் என்று பெயர். அவர் இறந்தபின் மாற்றினார்கள். ஹைட்ரோ கியூபெக் தலைமையகம் அந்தச் சாலையில்தான் இருக்கிறது. மேற்கே போகப் போக, வெஸ்ட்மவுண்ட் எல்லையைத் தொட்டதும் பலகை மாறும். ஆங்கிலம் பேசுவோர் அதிகம் வாழும் அந்தச் செல்வந்த நகரம் பழைய டார்செஸ்டர் பெயரையே வைத்துக்கொண்டது. எதிரணி இதையும் ஒரு தோல்வி என்று சொல்லக்கூடும். அந்த நகரத்துக்குத் தனி மின்விநியோக நிறுவனம் உண்டு, தனி பில் உண்டு. ஆனால் அந்த மின்சாரத்தை வாங்குவது ஹைட்ரோ கியூபெக்கிடம்.

நன்றி, வணக்கம்.